பரண்ல இருக்கற பழைய பத்திரிகை: ஸ்கேன் பண்ணலாமா, நெட்ல போடலாமா?

இந்தத் தடவை வந்த கடிதங்கள்ல பெரும்பாலானது ஒரே விஷயத்தைச் சுத்தித்தான் இருந்துச்சு, நின்னுபோன பழைய தமிழ் இதழ்களை டிஜிட்டலா மாத்தறது, அதுல காப்பிரைட் சிக்கல் என்னங்கறது. அதனால பகுதி முழுக்க அதுக்கே ஒதுக்கிட்டேன். மத்த கேள்விகளுக்கு அடுத்த இதழ்ல பதில் சொல்றேன்.

கேள்வி: தாத்தா சேர்த்து வச்ச வார, மாத இதழ்கள் பெட்டி பெட்டியா இருக்கு, 1940கள்லேர்ந்து 60கள் வரைக்கும். தொட்டாலே ஓரம் உதிருது. எல்லாம் நின்னுபோன பத்திரிகைங்க. ஸ்கேன் பண்ணி எல்லாரும் படிக்கற மாதிரி நெட்ல போடலாம்னு பாக்கறேன். சட்டப்படி தப்பா? (ஒரு வாசகர், காரைக்குடி)

உங்க கேள்விக்குள்ள ரெண்டு கேள்வி இருக்கு சார், அதைப் பிரிச்சுட்டாலே பாதி பயம் போயிடும். ஸ்கேன் பண்ணி வச்சுக்கறது ஒண்ணு, அதை ஊருக்கெல்லாம் திறந்து விடறது இன்னொண்ணு.

மொதலாவதுக்கு நீங்க யாரையும் கேக்க வேண்டியதில்ல. 1957 காப்பிரைட் சட்டத்தோட 52வது பிரிவு, சொந்த உபயோகத்துக்கும் ஆராய்ச்சிக்கும் நியாயமான அளவுல பிரதி எடுத்துக்கறத உரிமை மீறல்னு சொல்லல. உங்க வீட்டு இதழ், உங்க ஸ்கேனர், உங்க ஹார்டு டிஸ்க். இன்னிக்கே ஆரம்பிங்க. இவ்வளவு அழுத்திச் சொல்றேன்னா அதுக்குக் காரணம் அந்தப் பேப்பர்தான், அந்தக் காலத்து வாரப் பத்திரிகையெல்லாம் பெரும்பாலும் நியூஸ்பிரிண்ட்ல அடிச்சது, மரத்தை அப்படியே அரைச்ச கூழ்லேர்ந்து பண்ற காகிதம் அது, அதுல லிக்னின்ங்கற மரப்பொருள் போகாம தங்கியிருக்கும், வெளிச்சமும் காத்தும் பட்டுப் பட்டு மஞ்சளாகி, உள்ள அமிலம் ஏறி, ஓரத்துலேர்ந்து நொறுங்க ஆரம்பிக்கும், நம்ம ஊர் வெக்கையும் மழைக்கால ஈரமும் சேர்ந்தா அது இன்னும் வேகமாகும். ரெண்டாம் உலக யுத்த காலத்து இதழ்னா கேக்கவே வேண்டாம், காகிதத் தட்டுப்பாட்டுல கிடைச்சதுல அடிச்சாங்க. இதுக்கு மேல குத்தின பின்னோட துரு, ராமபாணப் பூச்சி, செல்லு. சட்டம் தெளிவாகட்டும்னு நீங்க அஞ்சு வருஷம் உக்காந்திருந்தா தெளிவான சட்டமும் ஒரு பெட்டித் தூளும்தான் கையில இருக்கும்.

ரெண்டாவது விஷயத்துலதான் நிதானம் வேணும். ஒரு இதழ்ங்கறது ஒரே சொத்து இல்ல. ஒரு வார இதழைப் பிரிச்சுப் பாருங்க, நாலு சிறுகதை, ஒரு தொடர், ரெண்டு கவிதை, அட்டைப்படம், உள்ள கோட்டோவியம், சினிமா போட்டோ, தலையங்கம், பேர் போடாத துணுக்கு, வாசகர் கடிதம், விளம்பரம். ஒவ்வொண்ணுக்கும் ஆள் வேற, உரிமை முடியற வருஷம் வேற. அதனால ‘இந்தப் பத்திரிகைய போடலாமா’ன்னு கேட்டா யாராலயும் ஒரே வார்த்தையில பதில் சொல்ல முடியாது, இந்தக் கதைய போடலாமா, இந்தப் படத்தைப் போடலாமான்னு கேட்டாதான் பதில் வரும். கீழ வர்ற பதில்கள்ல அதைத்தான் பிரிச்சுச் சொல்லியிருக்கேன்.

கேள்வி: காப்பிரைட் 60 வருஷம்னு சொல்றாங்களே, பத்திரிகை வெளியான நாள்லேர்ந்து 60 வருஷமா? 1959ல வந்த இதழ் 2019லயே ஃப்ரீ ஆயிருக்கணுமே? (ஒரு கல்லூரி மாணவி, மதுரை)

நிறைய பேர் இப்படித்தான் நினைச்சுட்டு அப்லோட் பண்ணிடறாங்க. எழுதினவர் பேர் தெரிஞ்ச படைப்புன்னா கணக்கு வெளியான தேதியிலேர்ந்து இல்லம்மா, அவர் காலமான வருஷத்துலேர்ந்து. காலமான வருஷத்தோட 60ஐக் கூட்டுங்க, அந்த வருஷம் டிசம்பர் 31 வரைக்கும் உரிமை இருக்கும், அடுத்த ஜனவரி 1லேர்ந்து எல்லாருக்கும் பொது. பாரதிதாசன் காலமானது 1964, அவர் எழுத்து நாட்டுடைமை ஆகாம இருந்திருந்தாக்கூட 2025 ஜனவரி 1லேர்ந்து பொதுவாயிருக்கும். (முன்னாடி இது 50 வருஷமா இருந்துச்சு, தாகூர் எழுத்துக்கு உரிமை முடியப் போற சமயத்துல 1992 திருத்தம் மூலமா 60 ஆக்கினாங்க.)

இதை ஒரு இதழ் மேல வச்சுப் பாத்தா எவ்வளவு சிக்கல்னு புரியும். 1933ல ஆரம்பிச்ச மணிக்கொடியையே எடுத்துக்கோங்க. அதுல எழுதின கு.ப.ரா. காலமானது 1944, அவருக்கு 2004 கடைசியோட முடிஞ்சுது. புதுமைப்பித்தன் 1948, அப்ப 2008. ந. பிச்சமூர்த்தி 1976, அவருக்கு 2036 வரைக்கும் கணக்கு போகும். மௌனி 1985, 2045 வரைக்கும். சி.சு. செல்லப்பா 1998, அப்ப 2058 டிசம்பர் வரைக்கும். ஒரே பத்திரிகை, ஒரே பேப்பர், ஒரே மை, ஆனா முதல் ஆளுக்கும் கடைசி ஆளுக்கும் நடுவுல 54 வருஷம்! சின்ன வயசுல எழுத வந்து நீண்ட நாள் வாழ்ந்தவங்க எழுத்துதான் ரொம்ப நாள் பூட்டிக் கிடக்கும். செல்லப்பா 1959லேர்ந்து 1970 வரைக்கும் நடத்தின எழுத்து பத்திரிகைக்கும் இதே கணக்குதான், அதுல எழுதினவங்க பல பேர் நமக்கு ரொம்பப் பக்கத்துக் காலத்து ஆளுங்க.

நாட்டுடைமை ஆனவங்களுக்கு இந்தக் கணக்கே தேவையில்ல, தமிழ்நாடு அரசு குடும்பத்துக்குப் பரிவுத்தொகை கொடுத்துட்டு எழுத்தைப் பொதுவாக்கிடுது, யார் வேணா அச்சடிக்கலாம், யார் வேணா நெட்ல போடலாம். அதனால மொதல்ல நாட்டுடைமைப் பட்டியலைப் பாருங்க, அதுல பேர் இல்லேன்னா மட்டும் காலமான வருஷத்தைத் தேடுங்க.

பேரே போடாத எழுத்துக்கு மட்டும் நீங்க நினைச்ச கணக்கு பொருந்தும். கையெழுத்தில்லாத தலையங்கம், துணுக்கு, யார் எழுதினதுன்னே கண்டுபிடிக்க முடியாத புனைபெயர், இதுக்கெல்லாம் வெளியான வருஷத்துலேர்ந்து 60. ஆனா அந்தக் காலத்துக்குள்ள ஆள் யாருன்னு வெளிய வந்துட்டா திரும்ப அவர் ஆயுள் கணக்குக்குப் போயிடும், புதுமைப்பித்தன்ங்கறது சொ. விருத்தாசலம்னு ஊருக்கே தெரியும், அந்த மாதிரி பேரை வச்சு ‘புனைபெயர்தானே’ன்னு வாதாட முடியாது.

கேள்வி: கல்கியோட எழுத்து நாட்டுடைமைதானே, அப்ப பொன்னியின் செல்வன் தொடரா வந்தப்போ இருந்த பக்கங்களை படத்தோட அப்படியே போடலாம்ல? (ஒரு வாசகர், தஞ்சாவூர்)

எழுத்துக்கு எந்தத் தடையும் இல்ல. கல்கி காலமானது 1954, நாட்டுடைமை ஆகலேன்னாலும் 2014 டிசம்பரோட முடிஞ்சிருக்கும். ஆனா அந்தப் பக்கத்துல இருக்கற படம் மணியம் போட்டது. அவர் காலமானது 1968, அப்ப 2028 டிசம்பர் 31 வரைக்கும் அந்த ஓவியத்துக்கு உரிமை இருக்கு. எழுதினவரோட உரிமை வேற, வரைஞ்சவரோட உரிமை வேற. நம்ம ஆளுங்க கதை எழுதினவர் பேரைத் தேடுவாங்க, ஓவியரைக் கணக்குலயே எடுத்துக்க மாட்டாங்க, எனக்கு இதுல ரொம்ப வருத்தம் உண்டு, ஏன்னா அந்தக் காலத்து வாசகருங்க மனசுல வந்தியத்தேவனும் குந்தவையும் எப்படி இருந்தாங்கங்கறத முடிவு பண்ணினதே அந்தக் கோடுதான்.

போட்டோவுக்கு இன்னொரு கதை. 2012 வரைக்கும் போட்டோவுக்கு வெளியான தேதியிலேர்ந்து 60 வருஷம்னு தனி விதி இருந்துச்சு, அந்த வருஷத் திருத்தத்துல அதை எடுத்துட்டாங்க, இப்ப போட்டோவுக்கும் எடுத்தவர் ஆயுள் கணக்குதான். அதுக்கு முன்னாடியே 60 முடிஞ்சதுக்கு, அதாவது 1951க்குள்ள வெளியான படங்களுக்கு, கவலைப்பட வேண்டாம்.

கேள்வி: பத்திரிகை மூடி 50 வருஷம் ஆச்சு, கம்பெனியே இல்ல. யார் வந்து கேக்கப் போறா? (ஒரு வாசகர், சேலம்)

கம்பெனி போனாலும் உரிமை போகாது. யாரும் கேக்கலேங்கறது வேற, உரிமை இல்லேங்கறது வேற.

இதுல பல பேருக்குத் தெரியாத ஒரு நுணுக்கம் இருக்கு, சட்டத்தோட 17வது பிரிவு. பத்திரிகையில சம்பளத்துக்கு வேலை பாத்த உதவி ஆசிரியரோ ஓவியரோ அந்தப் பத்திரிகைக்காகப் பண்ணின படைப்புக்கு முதலாளிதான் உரிமையாளர், ஆனா அது பத்திரிகையில வெளியிடற அளவுக்கு மட்டும்தான். புத்தகமா போடறது மாதிரி மத்த எல்லாத்துக்கும் உரிமை எழுதினவருக்கே. வெளியிலேர்ந்து கதை அனுப்பினவங்க இருக்காங்களே, மணியார்டர்ல அஞ்சோ பத்தோ சன்மானம் வாங்கினவங்க, அவங்களுக்கு அதுகூட இல்ல, எழுத்து மூலமா கையெழுத்து போட்டு உரிமைய எழுதிக் கொடுத்தாத்தான் அது கை மாறும், சன்மானம் வாங்கினதாலயே மாறிடாது. அந்தக் காலத்துல எத்தனை பேர் அப்படி எழுதிக் கொடுத்திருப்பாங்க? பெரும்பாலும் ஒரு போஸ்ட் கார்டுதான், ‘தங்கள் கதை பிரசுரத்துக்கு ஏற்கப்பட்டது’ன்னு. அதனால பத்திரிகை முதலாளியோட பேரன்கிட்ட ஒரு சம்மதம் வாங்கிட்டா முழு இதழுக்கும் அனுமதி கிடைச்சுட்டதா நினைச்சுடாதீங்க, அவரால கொடுக்க முடியறது ஒரு பகுதிதான்.

இது கோர்ட் வரைக்கும் போயிருக்கு. 1925ல ஆரம்பிச்ச குடி அரசு இதழ்ல வந்த பெரியாரோட எழுத்துகளைத் தொகுத்து ஒரு அமைப்பு வெளியிடப் போனப்ப, உரிமை எங்ககிட்ட இருக்குன்னு இன்னொரு அமைப்பு வழக்கு போட்டது. சென்னை உயர் நீதிமன்றம் 2009ல தடை கொடுக்க மறுத்துடுச்சு. பெரியார் உரிமைய எழுதிக் கொடுத்ததுக்கு ஆதாரம் எங்கங்கறதுதான் அதுல பெரிய கேள்வியா நின்னுது. அமெரிக்காவுலயும் 2001ல சுப்ரீம் கோர்ட், ஃப்ரீலான்ஸா எழுதினவங்க கட்டுரைகளை அவங்க அனுமதி இல்லாம மின்னணு தரவுத்தளத்துல போட்டது தப்புன்னு நியூயார்க் டைம்ஸ் வழக்குல சொல்லிச்சு. அச்சுக்குக் கொடுத்த சம்மதம் தானா டிஜிட்டலுக்கும் நீண்டுடாதுங்கறதுதான் அதுலேர்ந்து நாம எடுத்துக்க வேண்டியது.

கேள்வி: நாங்க காசு வாங்கறதில்ல, டெலிகிராம் குரூப்ல ஷேர் மட்டும்தான் பண்றோம். (பேர் வேண்டாம்)

காசு வாங்காதது உரிமை மீறலை இல்லாம ஆக்காது. லாப நோக்கம் இல்லேன்னா தண்டனையக் குறைக்கலாம்னு 63வது பிரிவுல இருக்கு, அவ்வளவுதான். இதைவிட எனக்குப் பெரிய குறை என்னன்னா, அந்த குரூப்கள்ல சுத்தற ஃபைல் எங்கேர்ந்து வந்துச்சு, எந்த மலர் எந்த இதழ், நடுவுல எத்தனை பக்கம் காணோம் எதுவும் இருக்காது, எழுதினவர் பேரைக்கூட வெட்டிட்டு கதைய மட்டும் டைப் பண்ணி அனுப்பறாங்க. தன் எழுத்துல தன் பேர் இருக்கணும்ங்கற உரிமை 57வது பிரிவுல தனியா இருக்கு, அது காப்பிரைட்டோட சேர்ந்தது இல்ல, உரிமைய வித்துட்டாக்கூட எழுதினவர்கிட்டயே இருக்கும். தயவுசெய்து பேரை எடுக்காதீங்க.

கேள்வி: எழுதினவர் யாருன்னு தெரியுது, ஆனா இருக்காரா இல்லையா, குடும்பம் எங்கன்னு எதுவுமே கிடைக்கல. அப்ப என்னதான் பண்றது? (ஒரு பதிப்பாளர், சென்னை)

இதைத்தான் அநாதைப் படைப்புன்னு சொல்றாங்க, பழைய இதழ்கள்ல இருக்கற பெரிய துக்கமே இதுதான். ஒரே ஒரு கதை எழுதிட்டு காணாமப் போன எத்தனையோ பேர், அதுலயும் பெண்கள், கல்யாணம் ஆகிப் பேரே மாறிப் போயிருக்கும்.

சட்டத்துல 31ஏ பிரிவு இதுக்கு ஒரு வழி வச்சிருக்கு. எழுதினவர் இறந்துட்டார், அல்லது யாருன்னே தெரியல, அல்லது உரிமையாளர் தேடியும் கிடைக்கலேன்னா, வெளியிட உரிமம் கேட்டு விண்ணப்பிக்கலாம். அதுக்கு முன்னாடி நாட்டோட பெரும் பகுதியில விக்கற ஒரு ஆங்கில நாளிதழ்ல உங்க திட்டத்தை விளம்பரமா போடணும், அப்புறம் விண்ணப்பம், அதுக்குக் கட்டணம், உரிமம் கிடைச்சா நீதிமன்றம் சொல்ற ராயல்டிய கட்டி வைக்கணும், நாளைக்கு வாரிசு வந்தா அவங்களுக்குப் போகும். முன்னாடி இதைப் பாக்க தனி வாரியம் இருந்துச்சு, 2021ல அந்த வாரியத்தைக் கலைச்சதுக்கப்புறம் வணிக நீதிமன்றத்துக்குப் போகணும்.

ஒரு நாவலை மறுபதிப்பு பண்ற உங்களை மாதிரி பதிப்பாளருக்கு இது ஒத்து வரலாம். ஆனா ஒரு இதழ்ல இருக்கற முப்பது பேருக்கும் தனித்தனியா இதைப் பண்ணணும்னா எந்தச் சின்ன அமைப்பாலயும் முடியாது, ஒரு நாளிதழ் விளம்பரத்துக்கே அவங்க வருஷ பட்ஜெட் போயிடும். ஐரோப்பிய யூனியன்ல 2019ல வந்த சட்டத்துல, கடையில கிடைக்காமப் போன படைப்புகளை நூலகங்கள் மொத்தமா டிஜிட்டலாக்கி வெளியிட வழி பண்ணியிருக்காங்க, உரிமையாளர் வந்து வேண்டாம்னா எடுத்துடணும். நமக்கும் அந்த மாதிரி ஒண்ணு வேணும். 60 வருஷப் பாதுகாப்பு எழுத்தாளர் குடும்பத்துக்குச் சோறு போடறதுக்காக வந்தது, யாருக்குமே ஒரு பைசா போகாத, யார் கையிலயும் கிடைக்காத ஒரு கதைய அது இன்னும் 30 வருஷம் பூட்டி வைக்கறதால எழுதினவருக்கும் நன்மை இல்ல, படிக்கறவனுக்கும் இல்லங்கறது என் திடமான கருத்து.

அது வர்ற வரைக்கும் செய்யக்கூடியது: தேடினதுக்கு ரெக்கார்டு வைங்க, யாருக்கு எழுதினீங்க, எங்க விசாரிச்சீங்கன்னு தேதியோட. பொருளடக்கத்தை மட்டும் வெளியிடுங்க, எந்த இதழ்ல யார் என்ன எழுதினாங்கங்கற பட்டியலை வெளியிட எந்தத் தடையும் இல்ல, அந்தப் பட்டியலைப் பாத்து ‘இது எங்க சித்தி எழுதினது’ன்னு ஒருத்தர் வர்ற வாய்ப்பும் இருக்கு.

கேள்வி: எங்க ஊர் வாசகசாலை 1930கள்ல ஆரம்பிச்சது, பழைய இதழ்கள் நிறைய இருக்கு. நூலகம்னா தனிச் சலுகை உண்டா? (வாசகசாலைச் செயலாளர், திருநெல்வேலி மாவட்டம்)

உண்டுங்க. 2012 திருத்தத்துல 52வது பிரிவுக்குள்ள ஒரு வரி சேர்த்தாங்க, வணிக நோக்கமில்லாத பொது நூலகம், தன்கிட்ட ஏற்கெனவே அச்சுப் பிரதி இருந்தா, பாதுகாக்கறதுக்காக அதை மின்னணு வடிவுல சேமிச்சு வச்சுக்கலாம். சேமிக்கறதுக்குத்தான் சலுகை, நெட்ல திறந்து விடறதுக்கு இல்ல, அதைக் கவனமா படிச்சுக்கோங்க. இதுவே உங்களுக்குப் பெரிய பலம், கமிட்டியில யாராவது ‘கேஸ் வந்துடும்’னு பயமுறுத்தினா இந்த வரியக் காட்டுங்க.

தனியா பண்ண முடியலேன்னா கேட்டுப் பாருங்க. தரமணியில இருக்கற ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இதுல ரொம்ப அனுபவம் உள்ள இடம், கோட்டையூர்ல ஒரு தனி மனுஷர் வாழ்நாள் பூரா சேர்த்தது, அவர் 1992ல மறைஞ்சதுக்கப்புறம் சிகாகோ பல்கலைக்கழகம் 1994ல வாங்கி தமிழ்நாட்டுலயே நூலகமா நிலைக்க வச்சது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தோட மின்னூலகத்துலயும் நிறைய இதழ்கள் இருக்கு. ஆபத்துல இருக்கற ஆவணங்களுக்குன்னு பிரிட்டிஷ் நூலகம் 2004லேர்ந்து ஒரு நிதித் திட்டம் நடத்துது. உங்ககிட்ட இருக்கறது வேற யார்கிட்டயும் இல்லாத வரிசையான்னு மொதல்ல அவங்க பட்டியலோட ஒப்பிட்டுப் பாருங்க, அப்படி இருந்தா உங்க குரலுக்கு மதிப்பு ஜாஸ்தி.

கேள்வி: நான் யாழ்ப்பாணத்துப் பழைய சஞ்சிகைகள் வச்சிருக்கேன். இதே சட்டம்தானா? (ஒரு வாசகர், கோயம்புத்தூர்)

இலங்கையில 2003ஆம் வருஷத்துச் சட்டப்படி ஆயுளுக்கு அப்புறம் 70 வருஷம். ஸ்கேன் பண்ற முன்னாடி ‘நூலகம்’ங்கற பேர்ல இருக்கற இணையதளத்துல தேடுங்க, 2005லேர்ந்து ஈழத்து எழுத்துகளைச் சேர்க்கற தன்னார்வ முயற்சி அது. 1981ல யாழ் பொது நூலகம் எரிஞ்சப்ப எவ்வளவோ ஒரே பிரதிகள் போச்சு, அதனால உங்க கையில இருக்கறது அங்க இல்லேன்னா தாமதிக்காம அவங்களுக்கு எழுதுங்க.

கேள்வி: ஸ்கேன் எப்படிப் பண்றது? போன்ல ஆப் போதுமா? (பல பேர்)

ஒண்ணுமே இல்லாததுக்கு போன் எவ்வளவோ மேல். ஆனா அந்த ஆப்கள் பக்கத்தை ‘பளிச்’னு ஆக்கறேன்னு சாம்பல் நிறத்தையெல்லாம் அழிச்சு வெள்ளையாக்கிடும், எழுத்து தெரியும், போட்டோவும் கோட்டோவியமும் செத்துப் போயிடும். அந்த ஃபில்டரை ஆஃப் பண்ணிட்டு கலர்லயே எடுங்க, கறுப்பு வெள்ளைப் பக்கமா இருந்தாலும் கலர்லதான், மங்கின மையும் கறையும் அப்பதான் பிரிச்சுத் தெரியும்.

ஸ்கேனர்னா 300 டிபிஐக்கு (ஒரு அங்குலத்துக்கு எத்தனை புள்ளிங்கற கணக்கு) கீழ போகாதீங்க, பொடி எழுத்துக்கு 400. முதல் பிரதி டிஃப் (TIFF, படத்தோட தரம் குறையாம சேமிக்கற வகை) ஃபைலா இருக்கட்டும், படிக்கறதுக்கு, அனுப்பறதுக்கு அதுலேர்ந்து பிடிஎஃப் பண்ணிக்கலாம். ஏ4 அளவு பக்கம் 300 டிபிஐ கலர்ல 26 எம்பி வரும், 100 பக்க இதழ் 2.6 ஜிபி, 1 டெராபைட் டிஸ்க்ல 380 இதழ் கிட்ட அடங்கும், இன்னிக்கு இது பெரிய விஷயமே இல்ல. அச்சுப் படத்துல புள்ளி புள்ளியா அலை ஓடினா அதை முதல் பிரதியில சரி பண்ணாதீங்க, நகல்ல பண்ணுங்க.

பைண்ட் பண்ணினத வெட்டாதீங்க. முழுசா விரிச்சு கண்ணாடியில அமுக்கினா முதுகு உடைஞ்சுடும், பாதி விரிச்சு ரெண்டு பக்கமும் முட்டுக் கொடுத்து மேலேர்ந்து கேமராவுல எடுங்க. கிழிஞ்ச இடத்துல செல்லோடேப் ஒட்டவே ஒட்டாதீங்க, அந்தப் பசை பத்து வருஷத்துல பழுப்பாகி எழுத்தையும் தின்னுடும். லாமினேஷனும் வேண்டாம்.

அட்டையும் விளம்பரமும் விட்டுடாதீங்க, இதை எத்தனை தடவை சொன்னாலும் போதாது. நம்ம வீடுகள்ல தொடர்கதைய மட்டும் வாராவாரம் பிரிச்சு எடுத்து பைண்ட் பண்ற பழக்கம் இருந்துச்சு, அதனால கதை நூறு வீட்டுல இருக்கும், அட்டையோட முழு இதழ் ஒண்ணுகூட இருக்காது. ஒரு சோப்பு விளம்பரம், பேனா விலை, டாக்கீஸ் அறிவிப்பு, வாசகர் சண்டை, சந்தா விவரம், இதெல்லாம் வேற எந்தப் புத்தகத்துலயும் கிடைக்காது. கதைய யாராவது மறுபதிப்பு போட்டுடுவாங்க, இதை யாரும் போட மாட்டாங்க.

ஃபைலுக்குப் பேர் வைக்கறப்ப இதழ் பேர், வருஷம், மாசம், தேதி, மலர், இதழ் எண் அந்த வரிசையில. பழைய இதழ்ல சில சமயம் விகாரி, சார்வரின்னு தமிழ் வருஷம் மட்டும்தான் இருக்கும், அது 60 வருஷத்துக்கு ஒருக்கா திரும்ப வரும், விகாரின்னா 1959ஆ 2019ஆங்கறது பேப்பரைப் பாத்தாலே தெரியும், ஆனா சித்திரையில ஆரம்பிக்கறதால தை, மாசி, பங்குனி அடுத்த ஆங்கில வருஷத்துல விழும், அங்கதான் தேதி தப்பாப் போகும். கூடவே ஒரு எக்செல் ஷீட்ல எழுதினவர், வரைஞ்சவர், காலமான வருஷம்னு நிரப்பிட்டே வாங்க, நாளைக்கு எதை வெளியிடலாம்னு அந்த ஷீட்டே சொல்லிடும்.

தேடற வசதிக்கு ஓசிஆர் (படத்துல இருக்கற எழுத்தைப் படிச்சு டைப் பண்ணின மாதிரி மாத்தற மென்பொருள்) ஓட்டறப்ப ஒரு விஷயம். தமிழ்நாட்டுல எழுத்துச் சீர்திருத்தம் அரசாணையா வந்தது 1978ல, அதுக்கு முந்தின இதழ்கள்ல ணை, லை, ளை, னை எல்லாம் தும்பிக்கை மாதிரி வளைஞ்ச பழைய வடிவத்துல இருக்கும், ணா, றா, னாவும் வேற வடிவம். இன்னிக்கு எழுத்துருவுல பழகின ஓசிஆர் அங்க தடுமாறும். அதுக்காக ஓட்டாம விடாதீங்க, தேடலுக்கு உதவும், ஆனா திருத்தாம எங்கயும் மூலம்னு போடாதீங்க.

மூணு பிரதி, அதுல ரெண்டு வேற வேற வகைச் சாதனத்துல, ஒண்ணு வேற ஊர்ல. பென் டிரைவை நம்பாதீங்க, வருஷத்துக்கு ஒருக்கா திறந்து பாருங்க.

கேள்வி: என் இதழை இரவல் வாங்கி ஸ்கேன் பண்ணினவர் ஒவ்வொரு பக்கத்துலயும் தன் பேரை வாட்டர்மார்க்கா போட்டு ‘உரிமை எனக்கே’ன்னு எழுதியிருக்கார். (ஒரு வாசகர், ஈரோடு)

அவருக்கு உரிமை கிடையாது. உழைப்பு மட்டும் போதாது, கொஞ்சமாவது படைப்புத்திறன் இருந்தாத்தான் காப்பிரைட்னு 2007ல உச்ச நீதிமன்றம் ஈஸ்டர்ன் புக் கம்பெனி வழக்குல தெளிவா சொல்லியிருக்கு. இருக்கற பக்கத்தை அப்படியே படம் எடுக்கறது புதுப் படைப்பு ஆகாது. ஸ்கேன் பண்ணின உழைப்புக்கு நன்றின்னு முதல் பக்கத்துல ஒரு வரி போடறது மரியாதை, அது கட்டாயம் பண்ணணும், எழுத்து மேல பேரை அடிக்கறது வேண்டாம்.

கேள்வி: ஸ்கேன் முடிஞ்சா பேப்பரை என்ன பண்றது? வீட்டுல இடம் இல்ல, எடைக்குப் போட்டுடுங்கறாங்க. (ஒரு வாசகி, திருச்சி)

போடாதீங்கம்மா. ஸ்கேன்ல ஒரு பக்கம் விட்டுப் போச்சுன்னா திரும்பப் பாக்க அது ஒண்ணுதான் இருக்கு. கன்னிமாரா நூலகத்துக்கு 1954 சட்டப்படி இந்தியாவுல வெளியாகற எல்லாத்துக்கும் ஒரு பிரதி போகணும், ஆனா எல்லாச் சின்னப் பத்திரிகைக்காரங்களும் அனுப்பினதில்ல, அந்தச் சட்டத்துக்கு முந்தின இதழ்ல இன்னும் ஜாஸ்தி ஓட்டை. மொதல்ல ஒரு பட்டியல் எழுதுங்க, அதைக் கன்னிமாரா, மறைமலை அடிகள் நூலகம், ரோஜா முத்தையா, புதுக்கோட்டை ஞானாலயா மாதிரி இடங்களுக்கு அனுப்பிக் கேளுங்க. கொடுக்கறப்ப மொத்தமா கொடுங்க, நல்லதை மட்டும் பொறுக்கிக் கொடுக்காதீங்க, வரிசை உடைஞ்சா மதிப்பு போயிடும். அதுவரைக்கும் நிக்க வைக்காம படுக்க வச்சு, தரையிலேர்ந்து உயரத்துல, வெயில் படாத அலமாரியில வைங்க.

கேள்வி: எங்க அப்பா 50, 60கள்ல பல பத்திரிகையில கதை எழுதினார், எதுவும் புத்தகமா வரல. இப்ப அவர் இல்ல. யாராவது நெட்ல போட்டு நாலு பேர் படிச்சா எங்களுக்குச் சந்தோஷம்தான். நாங்க என்ன பண்ணணும்? (ஒரு எழுத்தாளரோட மகள், வேலூர்)

இந்த மாதிரி கடிதம் வர்றப்பதான் எனக்கு நம்பிக்கையே வருது அம்மா. மேல சொன்ன எல்லாச் சிக்கலையும் உங்க மாதிரி ஒருத்தர் கையெழுத்து தீர்த்துடும்.

அம்மா, அண்ணன், தங்கச்சின்னு வாரிசு யார் யார் இருக்காங்களோ எல்லாரும் சேர்ந்து கையெழுத்து போடணும், ஒருத்தர் மட்டும் போட்டா பின்னாடி பிரச்சினை. கடிதத்துல அப்பாவோட இயற்பெயர், எல்லாப் புனைபெயரும், பிறந்த, காலமான தேதி, எந்தெந்தப் பத்திரிகைன்னு தெரிஞ்ச வரைக்கும் எழுதுங்க, புனைபெயர்தான் ரொம்ப முக்கியம், அது குடும்பத்துக்கு மட்டுமே தெரிஞ்சிருக்கும். அப்புறம் என்ன அனுமதின்னு தெளிவா பிரிச்சுச் சொல்லுங்க: இலவசமா நெட்ல படிக்கக் கொடுக்கலாம், பேர் போடணும், மாத்தக் கூடாது, புத்தகமா அச்சடிக்கணும்னா எங்களைக் கேக்கணும். இப்படி உரிமைய கையிலயே வச்சுக்கிட்டு அனுமதி மட்டும் கொடுக்க கிரியேட்டிவ் காமன்ஸ்னு தயாரா இருக்கற உரிமங்கள் இருக்கு, அதுல ஒண்ணைக் குறிப்பிட்டா போதும். முழுசா விட்டுக் கொடுக்க அவசரப்பட வேண்டாம், நாளைக்கு ஒரு பதிப்பாளர் தொகுப்பு போட வந்தா அம்மாவுக்கு ராயல்டி வரட்டும்.

கடிதத்தை மூணு நாலு பிரதி எடுத்து ஒண்ணு நீங்க வச்சுக்கிட்டு மத்ததை மின்னூலகங்களுக்கு அனுப்புங்க. அப்பாவோட பழைய சன்மானக் கடிதம், ஆசிரியர்கள் எழுதின போஸ்ட் கார்டு எதாவது வீட்டுல இருந்தா அதையும் ஸ்கேன் பண்ணிச் சேர்த்து அனுப்புங்க, எந்தக் கதை எந்த இதழ்ல வந்துச்சுன்னு கண்டுபிடிக்க அதைவிட நல்ல ஆதாரம் கிடையாது.